இரவல் காயம்

லோயிக் மபேலே, பிரான்சின் ரூபே நகரத்து ரொட்டிக் கிடங்கில் சுமை தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் வண்டி ஓட்டுபவன். வயது இருபத்தாறு. கிடங்கில் அவன் குரலைக் கேட்டவர்கள் குறைவு. ஞாயிறு பிற்பகலில் மட்டும் அவன் வேறு ஆள். அடுக்குமாடிக் குடியிருப்பின் அடியில், மிதிவண்டிகள் நிறுத்தும் நிலவறையில் அவனுடைய ராப் குழு கூடும். அறுபது பேர் வட்டமாக நிற்க, நடுவில் ஒருவர் பாடுவார்.

அங்கே மேடையும் இல்லை, கட்டணமும் இல்லை. விதி ஒன்று உண்டு. நடுவில் நின்று தன் காயமென்று சொல்வது தனக்கு நேர்ந்ததாக இருக்க வேண்டும். பொய்யென்று தெரிந்தால் வட்டம் பிளந்து வழிவிடும். போனவன் திரும்பி வரலாகாது. எட்டாண்டுகளாகக் குழுவை நடத்திவரும் பக்காரி வகுத்த விதி அது.

மூன்று மாதமாக லோயிக் பாடியது, மாற்றாந்தந்தை பெல்ட்டால் அடித்ததில் இடது காது செவிடான ஒரு பிள்ளையின் பாட்டு. கேட்டவர்கள் அழுதார்கள், முன்பின் தெரியாதவர்கள் அவனைக் கட்டிக்கொண்டார்கள். ஆனால் அவன் காதுக்கு ஒரு குறையும் இல்லை. செவிடானது அவன் அக்கா எஸ்தெலின் காது. அது நடந்த ஆண்டு அவன் லீல் நகரில் சித்தி வீட்டில் இருந்தான்.

யாரோ எடுத்த காணொளி எஸ்தெலுக்கு வந்து சேர்ந்தது. சனிக்கிழமை காலையிலேயே அவன் வீட்டுக் கதவைத் தட்டினாள்.

"அம்மாகிட்டகூட சொல்லாததை உன்கிட்ட சொன்னேன்டா."

"உன் பேரு எங்கயும் வரலக்கா."

"அடி வாங்க நான், ஆறுதல் வாங்க நீ. நல்லா பிரிச்சிருக்கடா பங்கு!"

"வேணும்னா இது எங்கக்கா கதைன்னு நாளைக்கே சொல்லிடறேன்."

"சொல்லு, சொல்லு. அங்க வர்றதுல பாதிப் பேரு எங்க கடைக்குத்தான் வர்றாங்க. நான் பில் போடுறப்ப என் காதையே பாப்பாங்க. நீ வாயத் திறந்தா, அதோட நமக்குள்ள ஒண்ணுமில்ல."

மறுநாள் அவளும் வந்தாள். சுவரோரமாக, எவருக்கும் உறவில்லாதவள்போல நின்றாள். லோயிக் நடுவில் வந்ததும் பக்காரி கையை உயர்த்தி இசையை நிறுத்தினார்.

"லீல்ல உன்கூடப் படிச்சவன் ஒருத்தன் என்கிட்ட பேசினான். பாட்டுல நீ சொல்ற வருஷம் உன்மேல ஒரு கீறல்கூட இல்லையாமே. இது யாரோட கதை?"

"அண்ணே..."

"யாருன்னு மட்டும் சொல்லு. அவங்க சம்மதத்தோட நீ பாடினதா எடுத்துக்கறோம். நீ எங்களோடயே இருக்கலாம்."

ஒரு பெயர் போதும். கண் தானாகச் சுவர்ப்பக்கம் திரும்ப முயன்றது. கூரையில் ஓடிய தண்ணீர்க் குழாயின்மேல் அதை நிறுத்தினான்.

"யாரோடதும் இல்ல. நானா கட்டினது."

"சீ! உன் பாட்டைக் கேட்டுத்தானேடா என் கதையை வாய்விட்டுச் சொன்னேன்!" என்று ஒரு பெண் கத்தினாள். "காதை நல்லாத் தொடச்சிட்டுப் போடா, செவிட்டு மகராசா!" என்றது இன்னொரு குரல்.

வட்டம் பிளந்தது. மற்றவர்களோடு எஸ்தெலும் ஓரடி விலகி அவனுக்கு வழிவிட்டாள்.

மேலே குப்பைத் தொட்டிகளின் அருகே லோயிக் நின்றான். கீழே அடுத்தவர் பாடத் தொடங்கிவிட்டார். தாளம் காலடியில் அதிர்ந்தது. இப்போது எஸ்தெல் அவனைத் தேடி மேலே வந்தால், கதை யாருடையதென்று அறுபது பேருக்கும் விளங்கிவிடும். வரமாட்டாள், வரவும் கூடாது. தெரிந்தும், கதவிலிருந்து அவன் கண்ணை எடுக்கவில்லை.