அம்மா நிறுத்திவைத்த காலம்

“நாலு எழுத்து படிச்சிட்ட இல்ல, உனக்குத் தியானமெல்லாம் எங்கடி வரப்போவுது?” என்றாள் அம்மா. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். சிரித்துக்கொண்டேன்.

மலாயாவில் லூனாஸ் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் இருந்தோம். ஜப்பான்காரன் கடிகாரங்களைத் தோக்கியோ நேரத்துக்குத் திருப்பிவைத்து, இருட்டிலேயே எங்களைப் பேர் கூப்பிடும் பெரட்டுக்கு நிறுத்தினான். தோட்டத்து மூலையிலிருந்த தியானக் குடிலில் மட்டும் கடிகாரமே இல்லை. அங்கே ஆழ்ந்து உட்கார்ந்தால் வெளியே காலம் நின்றுவிடும், சயாமுக்கு ரயில் பாதை போடப் பிடித்துப்போன என் அப்பா போன்ற ஆண்களுக்குச் சாவு வராது என்று பெண்கள் நம்பினார்கள்.

ஒருநாள் நானும் காலையில் போய் உட்கார்ந்தேன். கண்ணை மூடித் திறந்ததாகத்தான் தோன்றியது. வெளியே வெயில் சாய்ந்திருந்தது. இடையில் இருந்த பொழுது எங்கே போனது என்று எனக்கு இன்றும் தெரியாது.

பிறகு, சயாமிலிருந்து புண்காலோடு திரும்பிய பக்கத்து வீட்டு அண்ணன், அப்பாவைத் தன் கையால் புதைத்ததாகச் சொன்னார். அம்மா பொட்டை அழிக்கவில்லை.

“போப்பா, நான் உள்ள இருக்கற வரைக்கும் அவருக்கு ஒன்னும் ஆவாதுலா.”

குடிலுக்குள் போனவள் வேலைக்கு வரவே இல்லை. பெரட்டுக்கு வராதவர்களுக்கு அரிசி கிடையாது. செத்தவரை அவள் காப்பாற்றுகிறாள். அவளுக்குக் கஞ்சி யார் ஊற்றுவது?

மறுநாள் காலைப் பெரட்டில் கங்காணி அம்மாவின் பெயரைக் கூப்பிட்டபோது, அவளுடைய மண்வெட்டியோடு அவளுக்குப் பதிலாக நான் குரல் கொடுத்தேன்.