கெட்ட செய்தி கேட்கிறவர்

அன்று காலையில் மட்டும் சுந்தர்சிங்குக்கு நான்கு முறை புற்றுநோய் வந்திருந்தது.

நான்கு முறையும் அதை அப்போதுதான் கேட்பவர் போலக் கேட்டார். மூச்சை இழுத்தார், மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார், இரண்டு விரலால் மூக்குத்தண்டை அழுத்தினார். எதிரே உட்கார்ந்து செய்தி சொன்ன மருத்துவ மாணவர்கள் வியர்த்தார்கள்.

அமெரிக்காவில், நியூஜெர்சியின் பிஸ்கட்டவே பக்கம் ஒரு மருத்துவக் கல்லூரியில் அவருக்கு அதுதான் வேலை. கெட்ட செய்தியை எப்படிச் சொல்வது என்று பழகும் பிள்ளைகளுக்கு முன்னால் நோயாளியாக நடிப்பது. மணி அடித்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவரே மார்க் போடுவார்.

இதற்காகவா நடிக்க வந்தார்? மார்த்தாண்டத்திலிருந்து சிறுவயதில் பெற்றோரோடு லண்டன் போனவர். நாடகப் பள்ளியில் படித்துப் பெரிய பெரிய மேடைகளில் நின்றார். நின்றார் என்பதுதான் சரி. கையில் ஈட்டியோடு நின்றார், தட்டோடு நின்றார், கதாநாயகனின் அங்கியோடு நின்றார். பேச வாய்த்த வேடங்கள் டிவியில்தான். தெருமுனைக் கடைக்காரர், டாக்சி டிரைவர், முதல் விளம்பர இடைவேளைக்குள் செத்துப்போகும் டாக்டர்.

மனைவி ஜெயலீலாவுக்கு நியூஜெர்சி மருந்துக் கம்பெனியில் வேலை கிடைத்தபோது, இங்கேயாவது விடியும் என்று கிளம்பி வந்தார். ஆடிஷனில் வாயைத் திறந்தாலே போதும். பார்த்தால் இந்தியன், பேசினால் பிரிட்டிஷ்காரன், எங்களுக்கு இரண்டில் ஒன்றுதான் வேண்டும் என்று அனுப்பிவிடுவார்கள். கடைசியில் தமிழ்ச் சர்ச் கிறிஸ்துமஸ் நாடகத்தில் வருஷம் தவறாமல் கொடுங்கோல் ராஜாவானார். அங்கே எல்லாருக்கும் அவர் 'லண்டன் அங்கிள்'. அலுத்துப்போன முகம்தான் அவருக்கு நோயாளி வேலை வாங்கித் தந்தது என்று ஜெயலீலா கேலி செய்வாள்.

அன்று மதியம் அந்த முகத்தோடுதான் அவளைக் கூட்டிக்கொண்டு பிரிட்ஜ்வாட்டர் ஆஸ்பத்திரிக்குக் கார் ஓட்டினார். அவள் மார்பில் ஒரு கட்டி. சதை எடுத்து டெஸ்ட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். ரிசல்ட் அன்றைக்கு.

"ஒண்ணு சொல்லிடறேன்," என்றாள் வழியில். "அங்க என்ன சொன்னாலும் நீங்க நடிக்கக் கூடாது."

"நான் எப்ப நடிச்சேன்?"

"பாத்ரூம்ல டெய்லி ப்ராக்டிஸ் பண்றீங்க. கண்ணாடியக் கழட்டி, மூக்கப் பிடிச்சு. எனக்குத் தெரியாதா? அந்தாளு எனக்கு வேண்டாம். நீங்க வாங்க என்கூட."

நிஜமாகவே கெட்ட செய்தி வந்தால் தன் முகம் எப்படி இருக்கும் என்று அவருக்கே தெரியவில்லை.

ஆஸ்பத்திரி அறைக்குள் வந்த இளம் டாக்டர் ஓவியா, இங்கேயே பிறந்து வளர்ந்த கோயம்புத்தூர்க் குடும்பத்துப் பெண். அவரைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"அங்கிள், நீங்களா? காலேஜ்ல எனக்கு பேஷண்ட்டா வந்தீங்க. ரெண்டு தடவ ஃபெயில் பண்ணீங்க."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனாலும் கோட்டின் பட்டனைச் சரிபார்த்துக்கொண்டாள். நாற்காலியை இழுத்து அவருக்கு நேர் எதிரே போட்டு உட்கார்ந்தாள். அவர் கண்ணைப் பார்த்தாள்.

"ஐ ஆம் ஸாரி அங்கிள். ரிசல்ட் நாம நெனச்ச மாதிரி இல்ல. கேன்சர்தான்."

சொல்லிவிட்டு, பழகிய பாடப்படி அமைதியாக இருந்தாள். அவர் கையும் பழகிய வேலையைச் செய்தது. மூச்சு உள்ளே போனது. கண்ணாடி கழன்றது. விரல்கள் மூக்குத்தண்டுக்குப் போயின.

"ஓவியா," என்றாள் ஜெயலீலா, பக்கத்து நாற்காலியிலிருந்து. "கட்டி எனக்குத்தாம்மா. என்னப் பாத்துச் சொல்லு."

அந்தப் பெண்ணின் முகம் செத்துப்போனது. நாற்காலியோடு திரும்பினாள். "ஆன்ட்டி, ஸாரி. அங்கிளைப் பாத்ததும் எக்ஸாம் மாதிரி ஆயிடுச்சு..."

"பரவால்ல. அவரப் பாத்தா எல்லாருக்கும் அவருக்குத்தான் சீக்குன்னு தோணும். மேல என்ன பண்ணணும், அதச் சொல்லு." பிறகு புருஷன் பக்கம் திரும்பாமலேயே, "கண்ணாடியப் போடுங்க," என்றாள்.

போட்டுக்கொண்டார். ஆயுசு முழுக்கக் கிடைக்காத முக்கிய வேடம், மனைவியின் நோயில் வந்து தன் மடியில் விழுந்துவிட்டதே என்று கூசிப்போனார். ஆபரேஷன், கீமோ என்று ஓவியா சொல்லச் சொல்ல ஜெயலீலா கேள்வி கேட்டுக்கொண்டிருந்தாள். அவர் தன் கைகளையே காவல் காத்துக்கொண்டிருந்தார்.

பார்க்கிங்கில் பனி பாதி உருகி அழுக்காகக் கிடந்தது. "நான் ஓட்டறேன்," என்று முன்னால் நடந்தார். பழைய காரின் வலதுபக்கக் கதவைத் திறந்து உட்கார்ந்தார். பெல்ட்டைப் போட்டார். சாவியை நீட்டினார். எதிரே ஸ்டீயரிங் இல்லை.

வலதுபக்கம் உட்கார்ந்து ஓட்டுவது லண்டனில்; இங்கே இடதுபக்கம். இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து ஒருமுறைகூட அவர் செய்யாத தப்பு. சாவியை அந்தரத்தில் பிடித்தபடி அப்படியே இருந்தார்.

ஜெயலீலா சுற்றி வந்து டிரைவர் சீட்டில் ஏறினாள். அவர் கையிலிருந்த சாவியைப் பார்த்தாள்.

"லண்டன்ல இல்ல நாம."

"தெரியல லீலா," என்றார். வேறென்னவோ சொல்லத்தான் வாயெடுத்தார். அழுகை வந்துவிட்டது. மூக்கு ஒழுகி, வாய் கோணி, பார்க்கச் சகிக்காத அழுகை. அப்படி அழுகிறவருக்கு எந்த மேடையிலும் வேடம் கொடுக்க மாட்டார்கள்.

அவள் சாவிக்காகக் கையை நீட்டினாள். அவர் சாவியை நழுவவிட்டு அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இப்பத்தான் வந்தீங்களா," என்றாள் ஜெயலீலா.