வெண்பிறை அணியை ஜலீல் கலைத்த விதம்

வெண்பிறை அணியில் பந்து உதைத்தவர்களுக்கு மாதச் சம்பளம் என்று ஒன்றைக் கொண்டுவந்தவர் அப்துல் ஜலீல். அதுவரை அதிராம்பட்டினத்து அணிகளில் ஆட்டக்காரனுக்குக் கிடைத்ததெல்லாம் பிரியாணியும் கைதட்டலும்தான். மேனேஜர் ஜலீல் காரைக்காலிலிருந்தும் திருச்சியிலிருந்தும் ஆள் கொண்டுவந்தார். வேறு அணிக்கு ஆடமாட்டேன் என்று எழுதி வாங்கினார். காலை ஐந்தரைக்கு மைதானத்துக்கு வராதவனை அடுத்த ஆட்டத்தில் உட்காரவைத்தார். பதினான்கு வருஷத்தில் ஒன்பது கோப்பை வந்தது.

தொண்ணூற்று மூன்றில் உள்ளூர்க்காரர் சைபுல்லா துபாயில் சம்பாதித்துத் திரும்பினார். ஜெர்சி, பூட்ஸ், வெண்பிறைக் கழகத்துக்கு மாடிக் கட்டடம் என்று வாரிக் கொடுத்துத் தலைவரானார். அந்த வருஷம் மன்னார்குடி இறுதி ஆட்டத்தில், காய்ச்சலில் கிடந்த முன்கள ஆட்டக்காரனை ஜலீல் இறக்கவில்லை. வெண்பிறை தோற்றது. அடுத்து நடந்த கழகக் கூட்டத்தில் சைபுல்லா எழுந்தார்.

"ஜலீல் காக்கா மேட்ச்சை வித்துட்டாங்க. இனி டீம் என் பொறுப்பு."

அறுபது பேர் உட்கார்ந்திருந்தார்கள். பாதிப் பேர் ஜலீலால் ஆளானவர்கள், அண்ணன் முறை வைத்து அவரைக் காக்கா என்று கூப்பிடுகிறவர்கள். ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஜலீல் ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். பிறகு எழுந்து வெளியேறினார்.

"அல்லா பாத்துக்குவான், விடுங்க" என்றாள் மனைவி ரசியா பேகம்.

"அல்லா பாக்கட்டும். நானும் பாக்குறேன்."

திருவிடைமருதூரில் அரிசி ஆலை வைத்திருந்த வைத்தியலிங்கத்துக்கு ஓர் அணி இருந்தது. போன இடமெல்லாம் தோற்கிற அணி. அவர் கூப்பிட்டதும் ஜலீல் போனார். எட்டு மாதம் அந்தப் பையன்களை வெயிலில் வாட்டி எடுத்தார்.

அப்போதுதான் ஒரு சேதி காதுக்கு வந்தது. நம்ம புள்ளைகளுக்குள்ள எதுக்கு எழுத்தும் கையெழுத்தும் என்று சொல்லி, வெண்பிறை ஆட்டக்காரர்களின் ஒப்பந்தங்களைச் சைபுல்லா கிழித்துப் போட்டுவிட்டாராம். இனி அவர்களைப் போகாதே என்று தடுக்க எந்தத் தாளும் இல்லை. ஜலீல் நேரே எஸ்.டி.டி. பூத்துக்கு நடந்தார். ஷார்ஜாவில் ஒரு கம்பெனியின் கால்பந்து அணியைப் பார்த்துக்கொண்டிருந்த சுஹைப், அவரிடம் ஆடக் கற்றவன்.

"ஆள் வேணும்னியே. அஞ்சு பேர் இருக்காங்க, கோல்கீப்பரும் சேத்து."

"வெண்பிறைப் பசங்களா காக்கா?"

"நல்ல பசங்க. வேலை நிஜமா இருக்கணும். விசா மே மாசம் பொறக்குறதுக்குள்ள வந்துடணும்."

மே மாதத்தில் அதிராம்பட்டினத்துக் கோடைப் போட்டி. விசா வந்தது. எந்த வீட்டில் வேண்டாம் என்பார்கள்? ஐந்து பேரும் ஏறிப் போனார்கள். கோல்கீப்பரின் தாய் சபிஹா முட்டையும் தேங்காய்ப்பாலும் சேர்த்து வட்டிலப்பம் செய்து ஜலீல் வீட்டுக்கு எடுத்துவந்தாள்.

"பழசை மனசுல வைக்காம எம்புள்ளைக்கு வழி பண்ணிட்டீங்களே."

ஜலீல் தலை குனிந்துகொண்டார். வட்டிலப்பத்தை வாங்கிக்கொண்டார்.

இறுதி ஆட்டத்தில் திருவிடைமருதூரும், மிஞ்சிய ஆட்களோடு தட்டுத்தடுமாறி வந்த வெண்பிறையும் மோதின. உள்ளூர் மைதானம் என்பதால் ஊரே திரண்டிருந்தது. இடைவேளைக்குள் திருவிடைமருதூர் நான்கு கோல் போட்டுவிட்டது.

"போதுங்க ஜலீல். பசங்களைக் கொஞ்சம் மெதுவா ஆடச் சொல்லுங்க" என்றார் வைத்தியலிங்கம்.

"இன்னும் பாதி ஆட்டம் இருக்குங்க."

ஒன்பதுக்குச் சுழி என்று முடிந்தது. போட்டியை நடத்திய கழகத்தின் தலைவர் என்பதால் கோப்பையைக் கொடுக்க வேண்டியவர் சைபுல்லா. ஜலீல் கையை நீட்டவில்லை. மைக்கைக் காட்டினார்.

"மன்னார்குடி மேட்ச்சைப் பத்தி சொல்லு. சொல்லிட்டுக் குடு."

சைபுல்லா மைக்கை வாங்கினார். "காக்கா மேட்ச்சை விக்கல. நான் சொன்னது பொய்" என்றார், பாதி வாய்க்குள்ளேயே.

"பின்னால இருக்கவங்களுக்குக் கேக்கல."

மறுபடி சொன்னார்.

வீட்டுக்கு வந்ததும் ரசியா கேட்டாள்: "மனசு ஆறிச்சா?"

"அவன் ஒருத்தன்தான் சொன்னான். அன்னிக்கு வாயை மூடிக்கிட்டு உக்காந்திருந்தவங்க யாரும் இன்னும் சொல்லல."

மறு வருஷம் வெண்பிறைக்கு ஆட ஆள் சேரவில்லை. கழகத்தார் நான்கு பேர் வந்து, திரும்பி வாங்க என்று கேட்டார்கள். ஜலீல் அவர்களை வாசலிலேயே நிற்கவைத்துப் பேசி அனுப்பினார். அந்த மாதமே திருவிடைமருதூரில் வீடு பார்த்துக் குடிபோனார். அங்கே இன்னும் பத்து வருஷம் அணி நடத்தினார், கோப்பைகளும் வாங்கினார். ரசியாவுக்குத்தான் அந்த ஊர் கடைசிவரை ஒட்டவில்லை. கடல் மீன் கிடைக்காத ஊர் என்பாள்.