அன்னாசியின் எட்டு வரி

கொச்சி மட்டாஞ்சேரிக் கடைத்தெருவில் நான் பூ விற்கும் இடத்துக்கு அடுத்தாற்போல் அன்னாசிக் கூடை வைத்திருப்பவள் சந்தனமாரி. சங்கரன்கோவில் பக்கத்துக்காரி. திருப்பூருக்கு வேலைக்குப் போன புருஷன், "பிள்ளையக் கூட்டிக்கிட்டு இங்க வந்து சேரு" என்று போனில் சொல்லிக்கொண்டே இருந்தார். மகள் சங்கரிக்கு ஒன்பதாம் வகுப்பு. படிப்பெல்லாம் மலையாளத்தில். அங்கே எந்தப் பள்ளியில் கொண்டுபோய்ச் சேர்ப்பது?

அப்போதுதான் போர்ட் கொச்சியில் சின்ன ஹோட்டல் நடத்தும் மாதுரி, மகள் படிப்புச் சங்கடத்தைக் கேட்டு, ஒரு வாரம் வேலை செய்துகாட்டச் சொன்னாள். காலை ஏழரைக்குள் பத்துப் பழம் நறுக்க வேண்டும். பிடித்துப்போனால் நிரந்தர வேலை. ஊர் மாற வேண்டாம்.

முதல் நாள் சந்தனமாரி தோலை ஆழமாகச் சீவினாள். "அக்கா, பாதிப் பழம் குப்பைக்கா?" என்றாள் மாதுரி. மறுநாள் மேலாகச் சீவி, சதையில் தங்கிய முள்கண்களை ஒவ்வொன்றாகத் தோண்டினாள். எட்டு மணிக்கு நாலு பழம்தான் முடிந்தது.

அன்று மத்தியானம் ஒரு பழத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தவள், "எக்கா, கண்ணெல்லாம் வரிசையால்லா நிக்கி!" என்று என்னிடம் பூக்கட்டும் நூலை வாங்கிக் கண்களின்மேல் ஓட்டினாள். நூல் சாய்வாகச் சுற்றி ஏறியது. அப்படி எட்டு வரி. எதிர்ப்பக்கம் சாய்ந்தவற்றை எண்ணினால் பதின்மூன்று. கூடையில் இருந்த ஏழு பழத்திலும் அதே எட்டு, அதே பதின்மூன்று. எனக்குப் புல்லரித்தது. செடிக்கு யார் எண்ணச் சொல்லிக்கொடுத்தார்கள்? பகவதியே என்று கைகூப்பினேன்.

"சாமிய அப்புறம் கும்பிடலாம்க்கா. ஒவ்வொண்ணாத் தோண்ட வேண்டாம், வரியோட எட்டுத் தடவ கத்திய ஓட்டுனா போதும்!"

அதன்பின் தினமும் ஏழேகாலுக்கு முடித்தாள். கடைசி நாள், ஹோட்டல் பூஜைக்குப் பூ கொடுக்க நானும் போயிருந்தேன். மூன்றாவது பழத்தில் கத்தி கண்களை விட்டு விலகியது. வரி எட்டுதான், ஆனால் மறுபக்கமாகச் சாய்ந்திருந்தது. பழத்தைத் தலைகீழாகப் பிடித்தாள். அப்போதும் அதே சாய்வு!

"பீச்சாங்கைப் பழமாப் போச்சேக்கா!"

மீதியில் இன்னும் மூன்று அப்படி. கத்தியை இடது கைக்கு மாற்றினாள். முதல் வரி கோணியது, இரண்டாவது கொஞ்சம். மூன்றாவது கண்களை ஒட்டியே இறங்கியது.

முடிக்கும்போது ஏழு நாற்பது. "பத்து நிமிஷம் லேட்டு" என்றாள் மாதுரி.

"நாலு பழம் மறுபக்கம் சாஞ்சிருச்சும்மா."

"பழம் சாயுமா?"

இரண்டு வகையையும் காட்டினாள். மாதுரி விரலால் வரிகளைத் தொட்டுக்கொண்டே போய், ஒரு துண்டை வாயில் போட்டாள்.

"சரி. நாளையிலேர்ந்து பழம் வந்ததும் ரெண்டு கூடையாப் பிரிச்சு வச்சிடுங்கோ."

"நாளையிலேர்ந்தாம்மா?"

"பின்னே? மகள் பத்தாம் கிளாஸ் முடிக்கட்டும்."