ஒளித்துவைத்த இரும்பு

பதினோராம் ஆண்டு விஞ்ஞானப் பாடநூலில் 'நிர்ப்பீடனம்' என்றொரு சொல் உண்டு. கிருமிகளுக்கு இடங்கொடாமல் உடம்பு தன்னைக் காத்துக்கொள்ளும் ஆற்றலைக் குறிப்பது. தமிழ்நாட்டு நூல்கள் அதையே 'நோயெதிர்ப்பு' என்கின்றன. கல்முனையில் நெடுங்காலம் விஞ்ஞானம் கற்பித்தவள் என்பதால் இரண்டும் எனக்குப் பழக்கம். மனம் சாய்வது முதலாவதன் பக்கம். பீடை என்றால் என்னவென்று எங்கள் வீடுகளில் எல்லோருக்கும் தெரியும். அந்தப் பீடை இல்லாதிருத்தலே நிர்ப்பீடனம். ஆனால் பிள்ளைகளின் நாவில் அச்சொல் ஒருநாளும் ஒழுங்காக வந்ததில்லை. 'நிப்பாட்டினம்' என்று விடைத்தாளில் எழுதியவர்கள் இருந்தார்கள். நோயை நிப்பாட்டினோம் என்று பொருள்கொண்டால் அதுவும் முழுப் பிழையில்லையே என்று அரைப் புள்ளி கொடுத்திருக்கிறேன்.

போசணை என்பது உணவிலிருந்து உடம்பு பெறும் ஊட்டம். தாய்மார் கிளினிக்கின் சுவர்களில் 'மந்தபோசணை' என்று எழுதியிருப்பதைப் பார்த்துப் பார்த்து அது எங்கள் பெண்களுக்குப் பழகிப்போன சொல். இவ்விரண்டும் சேர்ந்து 'போசணை நிர்ப்பீடனம்' என்ற ஒரே சொல்லாக எங்கள் வளவுக்குள் வந்தது, என் தங்கச்சி நோயில் விழுந்த வருடத்தில்.

எங்கள் ஊர்களில் வீடு பெண்பிள்ளைக்கு உரியது. மாப்பிள்ளைதான் அங்கே வந்து குடியிருப்பார். வாப்பா ஒரே வளவில் இரண்டு வீடுகள் கட்டி, எனக்கொன்றும் தங்கச்சிக்கொன்றுமாகத் தந்திருந்தார். நடுவில் ஒரு வேலி. வேலியில் ஆள் நுழையக்கூடிய ஒரு கடப்பு. தங்கச்சியின் வீட்டில் அவளும் அவளுடைய மாப்பிள்ளையும் எங்கள் சாச்சியும் இருந்தார்கள். சாச்சி உம்மாவின் தங்கை. உம்மா மவுத்தாகும்போது தங்கச்சி தவழும் குழந்தை. வந்த சம்பந்தங்களையெல்லாம் திருப்பியனுப்பிவிட்டு அவளை வளர்த்தெடுத்தவர் சாச்சி. எனக்கு அவர் சாச்சி மட்டும். தங்கச்சிக்கு அவர் உம்மாவுமாக இருந்தார்.

தங்கச்சியின் வயிற்றில் கட்டி என்றார்கள். வயிற்றைக் கீறி அதை எடுத்தார்கள். வீட்டுக்கு அனுப்புமுன் வார்டில் இருந்த டொக்டர், வயதில் என் பழைய மாணவிகளை ஒத்தவர், என்னைத் தனியே அழைத்துக் கதைத்தார்.

"டீச்சர், கட்டிய எடுத்தாச்சு. ஆனா வேரெல்லாம் போயிட்டுதெண்டு சொல்ல ஏலா. கீமோ குடுக்க வேணும். அதுக்கு முதல் புண் காஞ்சு, உடம்பு தேற வேணும். இப்பிடியே மெலிஞ்சுகொண்டு போனா அந்த மருந்த இவங்க தாங்கமாட்டாங்க. தாங்காதெண்டா நாங்க குடுக்கவும் மாட்டம்."

"உடம்பு தேற என்ன செய்ற?"

"போசணை நல்லா இருந்தாத்தான் நிர்ப்பீடனம். முட்டை, மீன், இறைச்சி, பருப்பு. வேற மந்திரம் ஒண்டும் இல்ல."

அந்த வார்த்தைகளை அப்படியே வீட்டுக்குக் கொண்டுவந்தேன். சாச்சி கேட்டுவிட்டுத் தலையை அசைத்தார்.

"டொக்டர்மாருக்குக் கீறத் தெரியும், தைக்கத் தெரியும். கிரந்தியப் பத்தி என்ன தெரியும்? பச்சப் புண்ணு. முட்டையக் குடுத்தா சீழ் வெச்சிரும் புள்ள."

கிரந்தி என்பது எங்கள் பக்கத்தில் ஒரு சொல்லுக்கு மேற்பட்டது. உடம்பில் ஊறி, புண்ணை ஆறவிடாமல் செய்யும் குணம் சில உணவுகளுக்கு உண்டென்ற நம்பிக்கை அது. முட்டை, இறால், நண்டு, சூரைமீன், மாட்டிறைச்சி எல்லாம் கிரந்திச் சாமான்கள். பிள்ளை பெற்றவளுக்கும் சத்திரசிகிச்சை செய்தவளுக்கும் அவை ஆகா. மிளகும் உள்ளியும் அரைத்துவிட்ட பத்தியக் கறியும் குழைந்த சோறுமே உணவு. சாச்சியின் பத்தியத்தில் எங்கள் குடும்பத்தின் எத்தனையோ பெண்கள் எழுந்து நடந்திருக்கிறார்கள். அந்தப் பெருமை அவருக்கு இருந்தது. அதற்கு அவர் உரியவர்தான். அவர்களெல்லாம் நல்ல உடம்போடு படுத்தவர்கள் என்பதை மட்டும் அவர் கணக்கில் எடுக்கவில்லை.

நான் விடவில்லை. பாடநூலைக் கொண்டுபோய்க் காட்டினேன். வெள்ளைக் குருதிக் கலங்கள் புரதத்தால் ஆனவை என்றேன். தங்கச்சி கட்டிலில் சாய்ந்தபடி எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துச் சிரித்தாள்.

"ராத்தா, சாச்சிக்கு ஓஎல் பரீட்சை வெக்கப்போறீங்களா?"

"வெக்கட்டும்கா. நான் எழுதமாட்டன், வயித்துக்குத்து எண்டு சொல்லி ஓடிருவன்" என்றார் சாச்சி. சிரித்தபோது தையல் இழுத்ததால் தங்கச்சி வயிற்றைப் பொத்திக்கொண்டாள்.

ஒருகால் சாச்சி மெல்ல மெல்ல இணங்கியிருப்பார். ஒரு கரண்டி பருப்புக்கு அவர் ஏற்கெனவே இடங்கொடுத்திருந்தார். அந்த நேரத்தில்தான் குடும்பத்து வட்ஸ்அப் குழுவில் அந்தக் குரல்பதிவு வந்தது. யார் பேசியது என்று இன்றுவரை தெரியாது. அமைதியான, படித்த குரல். அதில்தான் அச்சொல்லைச் சேர்த்து முதன்முதலாகக் கேட்டேன்.

"போசணை நிர்ப்பீடனம் எண்டு வைத்தியத்தில ஒண்டு இரிக்கி. கிருமி வளர இரும்பு வேணும், நாகம் வேணும். நோய் வந்தா நம்மட உடம்பு என்ன செய்யும்? அந்தச் சத்துகளக் கிருமிக்குக் கிடைக்காம ஒளிச்சு வெச்சிரும். கிருமி பட்டினியில சாகும். இது அல்லாஹ்ட ஏற்பாடு."

தங்கச்சி கண்களை விரித்தாள். "நாகமா? உடம்புக்குள்ள பாம்பையா ராத்தா ஒளிக்குது?"

நாகம் என்பது எங்கள் பாடநூலில் ஓர் உலோகத்தின் பெயர். தமிழ்நாட்டார் துத்தநாகம் என்பது. அதை விளக்கி, நாங்கள் சிரித்து முடிப்பதற்குள் குரல்பதிவின் மிச்சமும் ஓடி முடிந்திருந்தது. அதுவரை சொன்னதெல்லாம் சரி. காய்ச்சல் வந்தவருடைய குருதியில் இரும்பு குறைவதும், அதை ஈரல் உள்ளே பூட்டிவைப்பதும் உண்மை. நூல்களில் அச்சொல்லின் திட்டமான பொருள் அதுவே. மக்கள் பேச்சிலும் விளம்பரத்திலும் அச்சொல்லை எதிர்த்திசையில், ஊட்டம் கொடுத்து உடம்பைப் பலப்படுத்துவது என்ற பொருளில் கையாள்கிறார்கள். ஒரே சொல், ஒன்று மறைப்பதைச் சொல்கிறது, மற்றது கொடுப்பதைச் சொல்கிறது. ஆனால் அந்தக் குரல் கடைசியில் சொந்தமாக ஒன்றைச் சேர்த்திருந்தது. ஆகையால் நோயாளிக்குச் சத்துள்ள உணவைக் குறைத்துவிடுங்கள், கிருமியும் கட்டியும் தாமாக வாடும் என்றது.

சாச்சியின் முகம் மலர்ந்துவிட்டது. வாழ்நாளெல்லாம் தாம் கையால் செய்ததற்கு ஒரு பெயர் கிடைத்த மலர்ச்சி அது.

"கேட்டியா மகள்? நான் கிரந்தி எண்டன். அவங்க போசண எண்டுறாங்க. ரெண்டும் ஒண்டுதான். உடம்பே சாப்பாட்ட ஒளிக்குது எண்டா, நாமளும் ஒளிக்கத்தானே வேணும்?"

"ஒளிக்கிறதுக்கு முதல்ல வீட்டுக்குள்ள ஏதும் இரிக்க வேணுமே சாச்சி. அவள்ட உடம்பு வெறும் வீடு."

"வெறும் வீடு எண்டு சொல்லாத. என்ட புள்ளட வீடு அது" என்று சொல்லி எழுந்து போனார். கோபத்தில் அல்ல, கண் கலங்கியதை மறைக்க.

அன்றிலிருந்து பருப்பும் நின்றது.

தங்கச்சியின் மாப்பிள்ளைக்கு மாவடிப்பள்ளியில் வயல். வெட்டுக் காலம் என்பதால் விடியப் போய் மாலையில் வருவார். ஒருநாள் கடப்பில் நின்று, சாரத்து மடியில் இருந்து ஊர்க்கோழி முட்டைகளை எடுத்து என்னிடம் தந்தார்.

"மதினி, நீங்க அவிச்சுக் குடுங்க."

"உங்கட வீட்டுல உங்கட பொஞ்சாதிக்குக் குடுக்க, என்னைத் தேடி வாறீங்களே மச்சான்?"

"எனக்குச் சோறு போடுறதும் சாச்சிதான் மதினி. நான் வாயத் திறந்தா எனக்கும் பத்தியம் வெச்சிருவா."

சிரிக்கவில்லை அவர். முட்டைகளில் ஒட்டியிருந்த வைக்கோலைத் தட்டிக்கொண்டே நின்றார்.

சாச்சி நண்பகலில் ழுஹர் தொழுகைக்கு நிற்கும் நேரம் எனக்கு வசதியாயிற்று. அவித்து உரித்த முட்டையை ஒரு கிண்ணத்தில் வைத்துக் கடப்பால் போவேன். தங்கச்சி அதை வாங்கிப் போர்வைக்குள் வைத்துக்கொள்வாள். "மருந்து குடிச்சது குமட்டுது ராத்தா. கொஞ்சம் பொறுத்துத் தின்றன்" என்பாள். பின்னேரம் கிண்ணம் வெறுமையாகத் திரும்பி வரும். அவளுடைய கன்னத்தில் சற்றே நிறம் ஏறியிருப்பதாகக்கூட எனக்குத் தோன்றியது. அந்த வீட்டில் ஒரு சாம்பல் பூனை இருந்தது. சாச்சி ஒருநாள் அதைப் பார்த்து, "இது எங்ககா போய்த் தின்னுது? பெருத்துப் பெருத்து வருதே" என்றார். தங்கச்சி என்னைப் பார்த்தாள். சாச்சிக்குத் தெரியாத ஒரு களவு எங்களுக்கிடையே இருக்கிறதே என்ற மகிழ்ச்சியில் நானும் சிரித்தேன்.

புண் ஆறவில்லை. தையலின் கீழ்முனை வாய் திறந்தது; நீர் கசிந்தது; பிறகு காய்ச்சல். மீண்டும் வார்டுக்குக் கொண்டுபோனோம். எடை நிறுத்துப் பார்த்தார்கள்; இன்னும் குறைந்திருந்தது. அதே டொக்டர் அட்டையைப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்.

"டீச்சர், முட்டை குடுத்தீங்களா?"

"ஓம், ஒவ்வொரு நாளும்."

அவர் மறுபடி அட்டையைப் பார்த்தார். கீமோவைப் பற்றி அதற்குப் பிறகு யாரும் கதைக்கவில்லை.

அவர் போனதும் தங்கச்சி என் கையைப் பிடித்து இழுத்தாள்.

"ராத்தா, ஏசக் கூடா. முட்டைய நான் தின்னல்ல."

"என்ன சொல்றாய்?"

"பூனைக்குப் போட்டன்."

கிரந்திக்குப் பயந்தாயா என்று கேட்டேன். அவள் தலையை இருபக்கமும் அசைத்தாள்.

"பயந்ததுதான். ஆனா எனக்காக இல்ல. நான் தின்டு, பொறகு புண்ணு சீழ் வெச்சா, சாச்சி உங்களத்தானே ஏசுவா. சாகுமட்டும் ஏசுவா. நீங்க ரெண்டு பேரும் ஒரே வளவுல இரிக்க வேணுமே."

அவளுக்குத் தான் இல்லாத வளவு கண்ணில் தெரிந்திருந்தது. அவளுடைய கை என் கைக்குள் விறகுச் சுள்ளிபோல் கிடந்தது.

மூக்கின் வழியே குழாய் போட்டு ஊட்டம் செலுத்தினார்கள். பையின் மேல் ஆங்கிலத்தில் நீண்ட பெயர் இருந்தது. முட்டையிலும் பருப்பிலும் உள்ளதுதான் பொடியாகிக் கரைந்து இறங்கிக்கொண்டிருந்தது. இரண்டொரு நாளில் உடம்பு அதையும் ஏற்க மறுத்தது.

பின்னேரப் பார்வை நேரத்தில் சாச்சி வந்தார். கட்டிலருகே உட்கார்ந்து, கைப்பையிலிருந்து ஒரு சிறு பொதியை எடுத்து அவிழ்த்தார். அவித்த முட்டை. தம்முடைய கையாலேயே உரித்தார். ஓடு துணுக்கு ஒன்றுகூட ஒட்டாமல், நகத்தால் தடவித் தடவிப் பார்த்தார். ஒரு சிறு துண்டைக் கிள்ளித் தங்கச்சியின் உதட்டருகே கொண்டுபோனார்.

"புள்ள, வாயக் கொஞ்சம் திற. சாச்சி சொல்றன். ஒண்டும் செய்யாது. தின்னு."

தாதி ஓடிவந்து, "அம்மா, வாயால ஒண்டும் குடுக்கக் கூடாது" என்றார். சாச்சி கையை எடுக்கவில்லை. தங்கச்சி உதட்டை அசைத்து அந்தத் துண்டைத் தொட்டாள். விழுங்கவில்லை, விழுங்க முடியவில்லை. சாச்சியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். சாச்சி முட்டையை மீண்டும் துணியில் சுற்றிப் பைக்குள் வைத்தார்.

அதன்பின் ஒருநாள் பின்னேரம், அஸர் வேளையில் அவள் மவுத்தானாள்.

மையித்து வீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை. அயலவர்களும் உறவினர்களும் சட்டி சட்டியாகச் சாப்பாடு கொண்டுவந்து இறக்கினார்கள். இறைச்சிக் கறி, பொரித்த மீன், முட்டை போட்ட சோறு. அந்த வீட்டில் அவ்வளவு போசணை ஒருநாளும் இருந்ததில்லை. பெண்கள் சாப்பிட்டு எழும்பிய பிறகும் சாச்சி சுவரோடு சாய்ந்திருந்தார். நான் ஒரு கோப்பையில் சோறு போட்டு அவர் முன் வைத்தேன்.

"மகள், அந்தச் சொல்லுக்கு என்ன கருத்து?" என்று கேட்டார்.

எந்தச் சொல் என்று நான் கேட்கவில்லை. "ரெண்டு கருத்து இரிக்கி சாச்சி" என்று தொடங்கி, வகுப்பில் சொல்வதுபோல் இரண்டையும் சொன்னேன். உடம்பு இரும்பை ஒளிப்பது கிருமியிடமிருந்து. உடம்பிடமிருந்து நாம் ஒளிப்பதற்கு அங்கே பெயர் கிடையாது என்றேன். அவர் கவனமாகக் கேட்டார்.

"அப்ப நான் செஞ்சதுக்குப் பேர் இல்ல."

"நோய் பெரிய நோய் சாச்சி. எல்லாம் குடுத்திருந்தாலும் போயிருப்பா."

அது உண்மையாக இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். டொக்டரும் திட்டமாகச் சொன்னதில்லை. பூனையின் கதையை மட்டும் நான் சொல்லவில்லை. எங்கள் இருவரையும் ஒரே வளவில் வைப்பதற்காக அவள் பட்டினி கிடந்தாள் என்பதைச் சாச்சியால் சுமக்க முடியாது. பலநாள் ழுஹர் நேரத்தில் அந்தப் பூனை கடப்பருகே வந்து குந்திக்கொண்டு என் சமையலறைப் பக்கம் பார்த்திருக்கும். "இது என்னத்துக்கு இங்க வந்து பாத்துக்கொண்டு நிக்குது?" என்று சாச்சி கேட்பார். பசிபோல என்பேன்.

அண்மையில் எதிர்வீட்டுப் பிள்ளைக்குச் சத்திரசிகிச்சை செய்து மகப்பேறு நடந்தது. வழக்கம்போல் பத்தியம் சொல்லிக்கொடுக்கச் சாச்சியைக் கூப்பிட்டார்கள். போக மாட்டார் என்று நினைத்தேன். சால்வையைப் போட்டுக்கொண்டு போனார். நானும் பின்னால் போனேன். அவர் உள்ளே ஏறவில்லை. வாசற்படியில் நின்றபடி, "முட்டை குடுங்க" என்றார்.

அந்தப் பிள்ளையின் தாய் திகைத்தார். "பச்சப் புண்ணுக்கா? கிரந்தியெல்லோ சாச்சி?"

"குடுங்ககா. முன்னால நிண்டு தின்ன வையுங்க. தின்டன் எண்டு சொன்னா நம்ப வேணாம்."

பூனையின் கதை அவருக்கு எப்போது தெரிந்தது, யார் சொன்னது என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. திரும்பி வந்து, தங்கச்சியின் கட்டிலில் சுவர்ப்பக்கம் பார்த்துப் படுத்துக்கொண்டார். நான் கடப்பைத் தாண்டி என் வீட்டுக்குப் போனேன்.