எஸ்தர் எடுத்த வசனம்

அந்த வசனத்தை எஸ்தர் எடுக்கவில்லை. நான் எடுக்க வைத்தேன்.

இந்த இரண்டு வரியைச் சொல்ல எனக்கு அரை ஆயுள் பிடித்திருக்கிறது. போதகரிடம் சொல்லவில்லை. கணவரிடம் சொல்லவில்லை, அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். கடவுளிடமாவது நேராகச் சொன்னேனா? இல்லை... 'தெரிந்தும் தெரியாமலும் செய்த பிழைகள்' என்று எல்லாவற்றையும் ஒரு மூட்டையாகக் கட்டி அவர் முன் வைத்ததுண்டு. அவர் மூட்டையை அவிழ்த்துப் பார்க்க மாட்டார் என்று நினைத்தேன் போலும்!

உங்களிடம் ஏன் சொல்கிறேன்? நீங்கள் என்னை அறியமாட்டீர்கள். அந்தத் துணிவுதான்.

கண்டியில் அம்பிட்டிய வீதியோரம், மேட்டில் இருக்கிறது எங்கள் வீடு. யுத்த காலம் முழுவதும், அதன் பிறகும், திங்கட்கிழமை தோறும் விடிய எழுந்து அங்கே ஜெபம் வைத்தோம். எங்கள் சபையைச் சேர்ந்த சிலர் வேலைக்குப் போகும் வழியில் ஏறி வருவார்கள். ஒரு பாட்டு. பிறகு ஒவ்வொருவரும் போன கிழமையின் ஏழு நாட்களுக்காகவும் ஒரு நன்றி சொல்ல வேண்டும். பிள்ளைக்குக் காய்ச்சல் விட்டதற்கு ஒருவர் சொல்வார். இராணுவச் சுற்றிவளைப்பில் பிடித்த தம்பியைப் பின்னேரமே விட்டதற்கு இன்னொருவர் சொல்வார். அந்த நாட்களில் தமிழர் வீடுகளில் நன்றிக்குப் பஞ்சமே இல்லை! ஒன்றும் நடக்காமல் ஒரு கிழமை கழிந்தால் அதுவே பெரிய ஆசீர்வாதம்.

கடைசியில் வசனப் பெட்டி வரும். நீங்களும் எங்காவது பார்த்திருப்பீர்கள். வேத வாக்குத்தத்தங்களை எழுதிய சிறு அட்டைகளை நெருக்கமாக நிறுத்தி வைத்த மரப்பெட்டி. கண்ணை மூடிக்கொண்டு, விரலில் முதலில் தட்டுப்படுவதை எடுக்க வேண்டும். புதிய கிழமைக்கு ஆண்டவர் தரும் சொல் அது. பெட்டியைப் பிடிப்பவள் நான். பள்ளிக்கூட ஆசிரியை அல்லவா... எதையும் நான் பிடித்தால்தான் நேராக நிற்கும் என்று எனக்கு ஒரு நினைப்பு.

எஸ்தர் எங்கள் மேட்டுக்குக் கீழே ஓர் ஒற்றை அறையில் குடியிருந்தாள். நாவலப்பிட்டிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றிலிருந்து வந்தவள். கணவன் இல்லை. கண்டியில் ஒரு மருத்துவமனையில் துணி துவைக்கும் வேலை. மூத்தவள் ராணியை நாவலப்பிட்டியில் கட்டிக் கொடுத்துவிட்டாள். மகன் தேவா அவளோடு இருந்தான். திகனையில் ஒரு முஸ்லிம் முதலாளியின் இரும்புக்கடையில் வேலை பார்த்தான். சிங்களம் அவனுக்குத் தண்ணீர் பட்ட பாடு. பஸ் கண்டக்டர்களோடு அவன் விடும் பகிடியைக் கேட்டு யாழ்ப்பாணத்தாராகிய நாங்கள் வாயைப் பிளப்போம்.

யாழ்ப்பாணத்தை விட்டுச் சனம் கூட்டம் கூட்டமாக வெளிக்கிட்ட பிறகு, என் அக்கா வவுனியாவில் ஒரு முகாமில் அகப்பட்டுக் கிடந்தாள். விதவை. ஒரு காலை ஊன்றி நடக்க முடியாதவள். அலைந்து திரிந்து, அவள் கண்டிக்கு வர அனுமதி எடுத்துவிட்டேன். யாராவது போய் அழைத்து வர வேண்டும்.

நான்தான் போயிருக்க வேண்டும். ஆனால் என் அடையாள அட்டையில் பிறந்த இடம் யாழ்ப்பாணம். சோதனைச் சாவடியில் இராணுவத்தினர் மறிப்பார்கள், இருத்தி வைத்து விசாரிப்பார்கள்... பயந்தேன். கணவரின் நெஞ்சுவருத்தம், பள்ளிக்கூடத்துப் பரீட்சை என்று ஊருக்குப் பல காரணம் சொன்னேன். உள்ளே இருந்தது பயம் மட்டும்தான்.

தேவாவை நினைத்தேன். அட்டையில் நாவலப்பிட்டி. வாயில் சிங்களம். தோட்டத்துப் பெடியனை யார் சந்தேகப்படப் போகிறார்கள்? நன்றாக யோசித்துவிட்டதாக என்னை நானே மெச்சிக்கொண்டேன். எனக்கென்று ஒரு மகன் இருந்து, அவனுக்கும் இதே அட்டையும் இதே சிங்களமும் வாய்த்திருந்தால் அனுப்பியிருப்பேனா? மாட்டேன்! இதையும் சேர்த்துத்தான் உங்களிடம் சொல்ல வந்தேன்.

தேவா கேட்டவுடனே தலையாட்டினான். "மொதலாளிகிட்ட லீவு சொல்லிட்டுப் போறேன் டீச்சர். இதெல்லாம் ஒரு வேலையா?" என்றான். எஸ்தர்தான் தயங்கினாள்.

"டீச்சர், கோவிச்சுக்காதீங்க. மனசு ஒரு மாதிரியா இருக்கு. திங்கக்கெழம வசனம் எடுக்குறேன். ஆண்டவர் போகச் சொன்னா அனுப்பிர்றேன். இல்லாட்டி வேணாம்."

"ஓம் எஸ்தர். அவரையே கேட்டுப் பாரும்" என்றேன்.

கேட்கச் சொன்னவளே விடையையும் தயார் செய்தேன். அந்தப் பெட்டியில் பயணக்காரருக்கென்றே அமைந்தது போல ஒரு வசனம் உண்டு. போகும்போதும் காவல், திரும்பும்போதும் காவல் என்று பொருள்படும். மூலை மடங்கிய அட்டை. அது எங்கே நிற்கும் என்று எனக்குத் தெரியும்.

அந்தத் திங்கட்கிழமை எல்லோரும் தலை குனிந்திருந்தார்கள். எஸ்தருக்கு முன்னால் பெட்டியை நீட்டினேன். அவள் முகத்தை மேலே தூக்கி, ஏதோ முணுமுணுத்தபடி கையைக் கொண்டு வந்தாள். நான் பெருவிரல் நகத்தால் அந்த அட்டையை மட்டும் சற்று மேலே தள்ளினேன். அவ்வளவுதான்! துணி துவைத்துச் சவர்க்காரத்தில் ஊறி வெளுத்த அவளுடைய விரல்கள் அதில் வந்து நின்றன.

அவளுக்கு வாசிக்கத் தடுமாற்றம். நானே வாசித்தேன். குரல்கூட நடுங்கவில்லை... எஸ்தர் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். "போய்ட்டு வரட்டும் டீச்சர்" என்றாள்.

அந்தக் கிழமையே அக்கா வந்து சேர்ந்தாள். தனியாக. படியில் உட்கார்ந்தபடியே சொன்னாள்.

"வழியில ஆமி பஸ்ஸை மறிச்சு எல்லாரையும் இறக்கினவங்கள். நான் பெடியனுக்கு என்ன முறை எண்டு கேட்டாங்களாம். சொந்தமில்லை, ஒரே சேர்ச் எண்டு பெடியன் உண்மையைச் சொல்லிப்போட்டான். சொந்தமில்லாத யாழ்ப்பாணத்து மனிசியை நீ ஏன் கூட்டிக்கொண்டு போறாய் எண்டு கேட்டாங்களாம். எனக்கு என்ன விளங்கும், பக்கத்தில நிண்டவர்தான் தமிழில சொன்னவர். அவனை அங்கயே வைச்சுக்கொண்டு பஸ்ஸைப் போக விட்டுட்டாங்கள், பிள்ளை..."

அடையாள அட்டையை யோசித்தேன். சிங்களத்தை யோசித்தேன். உறவை யோசிக்கவில்லை! அக்காவின் மருமகன் என்று சொல்லச் சொல்லி அனுப்பியிருந்தால் ஒருவேளை தப்பியிருப்பானோ? ஆனால் தோட்டத்துப் பெடியனை எங்கள் மருமகன் என்று சொல்ல எனக்கு வாய் வந்திருக்குமா? அவன் எங்கள் வீட்டுக்கு வந்த நாட்களில் கதிரை கொடுத்து உட்காரச் சொன்னதாகக்கூட எனக்கு நினைவில்லை.

தேடினோம். எஸ்தரை அழைத்துக்கொண்டு எத்தனையோ இராணுவ முகாம் வாசல்களில் நின்றேன். இப்போது பயம் எங்கே போனதோ தெரியாது... அப்படி ஒருவனை நாங்கள் பிடிக்கவே இல்லை என்று எல்லா வாசலிலும் சொன்னார்கள்.

அடுத்த திங்கட்கிழமை எஸ்தர் வர மாட்டாள் என்று நினைத்தேன். வராதிருக்க வேண்டும் என்றும் விரும்பினேன். வந்தாள். நன்றி சொல்லும் முறை அவளுக்கு வந்தது.

"டீச்சரோட அக்காவ பத்திரமா கொண்டாந்து சேத்தீங்களே ஆண்டவரே, ஒங்களுக்கு நன்றி" என்றாள்.

அக்கா உள்ளறையில் படுத்திருந்தாள். எல்லோரும் ஆமென் என்றார்கள். நானும் என்றேன். அன்று முதல் நன்றி என்ற சொல்லைக் கேட்டாலே எனக்கு உள்ளே ஏதோ கூசுகிறது. எனக்குக் கிடைத்த ஆசீர்வாதத்தை யாருடைய கையிலிருந்து பிடுங்கினேன் என்று எனக்குத் தெரியுமே!

பெட்டியை நீட்டினேன். எஸ்தர் அதில் கை வைக்கவில்லை.

"எனக்கு வேணாம் டீச்சர். எனக்குக் குடுத்தது இன்னும் நெறவேறலியே."

அதன்பிறகு அவள் வேறு வசனம் எடுத்ததே இல்லை. மற்றவர்கள் கிழமைக்கு ஒன்றாக எடுத்தார்கள், மறந்தார்கள். அவள் அந்த ஒன்றோடு இருந்தாள். வருடங்கள் போயின. அக்கா போனாள், கணவர் போனார். யுத்தம் முடிந்ததென்று நகரத்தில் பட்டாசு வெடித்தபோது எஸ்தர் மூச்சு வாங்க மேட்டில் ஏறி வந்தாள். "இனி ரோடெல்லாம் தெறந்துருவாங்க டீச்சர். புள்ள வந்துருவான்" என்றாள்.

சில காலம் கழித்து ராணி வந்தாள். எஸ்தருடைய அறையின் பின்சுவர் வெடித்து, மழைக்கு மேட்டு மண் இறங்கத் தொடங்கியிருந்தது.

"அம்மா எங்ககூட வரமாட்டேங்குறாங்க டீச்சர். தம்பி வந்தா இங்கதான தேடி வருவான்னு சொல்றாங்க. ஒரு நாளு அந்த செவரு மேல விழுந்துரும். நீங்க சொன்னா கேப்பாங்க. அந்த வசனத்துக்கு வேற அர்த்தம்னு எதையாவது சொல்லுங்க டீச்சர்..."

வேறு அர்த்தம்! பாவம், அவளுக்கு என்ன தெரியும். அன்றைக்கே இறங்கிப் போனேன். சொல்லிவிடுவது என்று முடிவு செய்துவிட்டேன். என்னைத் திட்டட்டும், மண்ணை வாரித் தூற்றட்டும், அந்த அறையை விட்டு எழுந்து போனால் போதும்.

எஸ்தர் கதிரையைத் துடைத்துப் போட்டாள். பிளேன்டீ ஊற்றித் தந்தாள். நான் குடிக்கவில்லை.

"எஸ்தர், அந்த வசனம் நீர் எடுக்கேல்ல. நான்தான்..."

"தெரியும் டீச்சர்."

எனக்கு முதலில் விளங்கவில்லை.

"அன்னைக்கு நான் கண்ண முழுசா மூடல. மனசு கெடந்து அடிச்சுக்கிச்சு. நீங்க நகத்தால தூக்கிவிட்டத பாத்தேன்."

"பாத்துட்டும் ஏன் எடுத்தனீர்?"

"நீங்க ஜெபிக்கிற ஆளு. சும்மா செய்வீங்களா? ஆண்டவர் ஒங்க மனசுல சொல்லியிருப்பாரு, அதத்தான் எனக்குக் காட்டுறீங்கன்னு எடுத்தேன்." சற்று நேரம் என் முகத்தையே பார்த்தாள். "அப்படித்தானே டீச்சர்? அவரு சொல்லித்தானே செஞ்சீங்க?"

இத்தனை காலமும் நான் செய்த பாவம் அந்த நகத்தில் இருக்கிறது என்று நினைத்திருந்தேன். அதற்குப் பயம் என்று ஒரு சாட்டாவது உண்டு. இந்தக் கேள்விக்கு முன்னால் எனக்கு என்ன சாட்டு? சீருடைக்காரர் இல்லை, சோதனைச் சாவடி இல்லை. ஒரு கிழவியும், வெடித்த சுவரும், நானும்தான்.

இல்லை என்று சொல்லத்தானே போனேன்!

"ஓம் எஸ்தர்" என்றேன். "அவர் சொல்லித்தான்."

அவள் முகம் தெளிந்தது. இரண்டு கையாலும் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

இரக்கத்தால் சொன்னேன் என்று நீங்கள் எனக்காகப் பரிந்து பேசலாம். மேடேறும்போது நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டேன். ஆனால் அவள் என்னைப் பார்த்த அந்தப் பார்வை மாறிவிடக் கூடாது என்றும் ஒரு ஆசை இருந்ததே... எது முந்தியது? எனக்குத் தெரியவில்லை. தெரியவில்லை என்பதாவது உண்மையா, அதுவும் தெரியவில்லை.

ராணி தொலைபேசியில் கேட்டாள், பேசினீர்களா என்று. பேசினேன் என்றேன். அவள் நன்றி சொல்லிவிட்டு வைத்தாள்.

எஸ்தர் அந்த அறையிலேயே இருக்கிறாள். இந்தக் கிழமை முழுவதும் மழை விடவில்லை. நாளை திங்கட்கிழமை. சேற்றில் வழுக்கி வழுக்கி மேலே வருவாள். வசனம் எடுக்க மாட்டாள்; அதற்குப் பதில், புதிய கிழமைக்காக என் தலையில் கை வைத்து ஆசீர்வதிப்பாள். பிறகு அந்தச் சுவருக்கடியில் படுக்க இறங்கிப் போவாள்.