ஒப்பாரிக்கு அடியில் ஒரு ‘ம்’

என் கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் என்னிடம் திட்டு வாங்காமல் போவதில்லை. பெரம்பலூர் பழைய பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருக்கிற சின்னக் கடை. பழைய கேசட்டில் இருப்பதைப் பென் டிரைவில் ஏற்றிக் கொடுப்பதுதான் தொழில். கேசட்டை மஞ்சப்பையில் போட்டுக் கொண்டுவருவார்கள். அதே பையில் தேங்காய் மூடியும் விபூதிப் பொட்டலமும் இருக்கும். “இத்தன வருஷமா எங்க வெச்சிருந்தீங்க?” என்று கேட்டால், “ஸ்பீக்கர் பொட்டி மேலதாங்க, பத்திரமா” என்பார்கள். ஸ்பீக்கருக்குள் காந்தம் இருக்கிறது, காந்தம் டேப்பில் இருப்பதை அழிக்கும் என்று சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலிக்கிறது. அப்படியும் பெரும்பாலும் குரல் பிழைத்துவிடுகிறது. மனுசனைவிட அதற்கு ஆயுசு கெட்டி.

ஒன்று கவனித்திருக்கிறேன். செத்துப்போனவர் குரல் டேப்பில் வந்ததும் முதலில் யாரும் அழுவதில்லை. சட்டென்று கடை வாசலைத் திரும்பிப் பார்க்கிறார்கள். படித்தவர், படிக்காதவர் எல்லாரும் அப்படித்தான். அதன்பிறகுதான் அழுகை வரும்.

போன வருஷம் ஒருவர் அட்டைக் குழல் ஒன்றைக் கொண்டுவந்தார். உடையார்பாளையம் பக்கம் பழைய வீட்டை இடிக்கும்போது பரணில் கிடைத்ததாம். “ஊதுவத்தி டப்பாவாட்டம் இருக்கு, ஆனா வாசனையே இல்லீங்க” என்றார். உள்ளே பஞ்சு சுற்றி, டம்ளர் அளவுக்கு ஒரு மெழுகு உருளை. வட்டத் தட்டு ரெக்கார்டு பரவுவதற்கு முன்னால் குரலை இப்படித்தான் பிடித்து வைத்தார்கள். அதற்கும் முன்னால் ஈயத்தாளைச் சுற்றி, அதன்மேல் ஊசியால் அழுத்திப் பதிந்தார்கள். அந்த மெஷினைக் கண்டுபிடித்தவர் அதனால் என்னென்ன செய்யலாம் என்று எழுதிய பட்டியலில், சாகப்போகிறவர்களின் கடைசி வார்த்தையைப் பிடித்து வைக்கலாம் என்பதும் இருந்ததாகப் படித்திருக்கிறேன். பிறந்த கையோடு சாவு வீட்டுக்குப் போய்வந்த பொருள்தான் இது.

இன்னொன்றும் படித்தேன். பேசிப் பதிந்த உருளையைத் தூக்கிப் போட மாட்டார்களாம். மேற்பரப்பைக் கத்தியால் ஒரு சுற்றுச் சீவி, வழவழவென்று ஆனதும் அதிலேயே வேறு ஆளைப் பேசச் சொல்வார்களாம். சீவிய மெழுகுத் தூளைப் பெருக்கித் தள்ளியிருப்பார்கள். அந்தத் தூளில் யார் யார் பேச்சு இருந்ததோ, கடவுளுக்குத்தான் வெளிச்சம். இதைப் படித்த அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

அவர் கொண்டுவந்த உருளையில் வெள்ளையாகப் பூஞ்சை பூத்திருந்தது. அதை ஓட்ட என்னிடம் மெஷின் கிடையாது. “உள்ள யாரு பேசறாங்கன்னே தெரியாம வூட்ல வெச்சிக்க முடியாதுங்க, எம் பொண்டாட்டி பயப்படுறா” என்று என் தலையில் கட்டிவிட்டுப் போய்விட்டார். அலமாரியில் வைத்தேன். போன தை மாதம் தூசி தட்டும்போது பார்த்தால், பக்கத்தில் இருந்த கேசட்டின் ஓரத்திலும் அதே வெள்ளைப் புள்ளிகள். அது என்னுடைய கேசட். அதை நான் ஒரு தடவைகூடப் போட்டுக் கேட்டதில்லை.

அந்தக் கதையைச் சொல்லவே வெட்கமாக இருக்கிறது. எங்கள் வெங்காயக் காடு செட்டிகுளம் பக்கம். நான் சவுதிக்குப் போக வேண்டாம் என்று அம்மா ஒரு மாதம் அழுதாள். நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கிளம்புகிற அன்று காலையில் பாஸ்போர்ட்டைக் காணோம். வீட்டைத் தலைகீழாகப் புரட்டினேன். நான் கத்திய கத்தலில், கடைசியில் அவளே காட்டுக்கு நடந்தாள். சின்ன வெங்காயம் சேர்த்து வைத்திருந்த பட்டறையின் ஓலையைப் பிரித்து, வெங்காயத்துக்குள் தோள்வரை கையை விட்டு, எடுத்துக் கொடுத்தாள். ஏர்போர்ட்டில் அதிகாரி அந்தப் பாஸ்போர்ட்டை மோந்து பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார். சிரித்திருக்க வேண்டிய விஷயம். நான் சிரிக்கவில்லை. “இனிமே நீ செத்தாக்கூட இந்த வூட்டு வாசப்படிய மிதிக்க மாட்டேன்” என்று தெருவே கேட்கக் கத்திவிட்டுத்தான் பஸ் ஏறியிருந்தேன்.

மூன்று மாதம் கடுதாசி போடவில்லை, போன் பண்ணவில்லை. நாலாவது மாதம் அவள் செத்துப்போனாள். லீவு கிடைக்கவில்லை. சொன்ன சொல் அப்படியே பலித்துவிட்டது. நாக்கில் சனி என்பார்களே, அது என் நாக்கில்தான் குடியிருந்தது.

அப்போது எங்கள் பக்கம் ஒரு பழக்கம் இருந்தது. வெளிநாட்டில் இருக்கிற மகன் சாவுக்கு வர முடியவில்லை என்றால், பிணத்தைச் சுற்றிப் பெண்கள் பாடுகிற ஒப்பாரியை டேப்பில் பிடித்து, லீவு முடிந்து திரும்புகிற யாரிடமாவது கொடுத்தனுப்புவார்கள். முகம் பார்க்காதவன் அழுகையையாவது கேட்கட்டும் என்று. எனக்கும் வந்தது. “போட்டுக் கேட்டு அழுதுரு மாப்ள, மனசு ஆறும்” என்றார்கள் அறையில் இருந்தவர்கள். நான் போடவில்லை. ஊர் திரும்பி, கடை வைத்து, ஊரார் வீட்டு அழுகையை எல்லாம் கேட்டேன். என் வீட்டு அழுகையை மட்டும் இருபத்தைந்து வருஷமாகப் பூட்டி வைத்திருந்தேன். அம்மா என்மேல் கோபத்தோடு செத்தாளா என்பது ஒன்றுதான் எனக்குத் தெரிய வேண்டியிருந்தது. அதை ஒப்பாரி எப்படிச் சொல்லும்?

பூஞ்சை பிடித்த டேப்பை விட்டு வைத்தால் அதுவும் போய்விடும். நல்ல பட்டப்பகல், மணி பன்னிரண்டு இருக்கும். வெளியே கண்டக்டர் “துறையூர், துறையூர்” என்று கத்திக்கொண்டிருந்தார். டேப்பைப் பஞ்சால் துடைத்து, டெக்கில் போட்டு, ஹெட்போனை மாட்டினேன்.

பெரியம்மா குரல்தான் முதலில் வந்தது. அம்மாவின் கூடப்பிறந்த அக்கா, அவளும் இப்போது இல்லை. “கூப்புட்டா ஓடியாருவியே, கூடப் பொறந்தவளே, நான் கூப்புடறது கேக்குதா?” என்று இழுத்துப் பாடிவிட்டு மூச்சு வாங்க நிறுத்தினாள். அந்த நிறுத்தத்தில் ரொம்பத் தூரத்திலிருந்து, “ம்” என்றது ஒரு குரல்.

பின்னால் சுற்றி மறுபடியும் போட்டேன். “கேக்குதா?” “ம்.” மேலே ஓடவிட்டேன். “ஒத்தையில போறியே, வழி தெரியுமா?” என்று பெரியம்மா கேட்டாள். கொஞ்சம் பொறுத்து, “ம்” என்று வந்தது. எல்லா நிறுத்தத்திலும் வரவில்லை. நாலைந்து வரிக்கு ஒரு தடவை, கதை கேட்கிற குழந்தை ‘ம்’ கொட்டுவது போல வந்தது.

எனக்குப் பேய் பிசாசில் நம்பிக்கை கிடையாது. பல வருஷம் சுருட்டியே கிடக்கும் டேப்பில் ஒரு சுற்றில் இருக்கிற சத்தம் அடுத்த சுற்றிலும் லேசாக ஒட்டிக்கொள்ளும். அதனால் ஒரு வார்த்தை பேசப்படுவதற்கு ஒரு நொடி முன்னாலேயே அதன் நிழல் கேட்கும். வாடிக்கையாளர்கள் பயந்தால் நானே இதைச் சொல்லித் தேற்றியிருக்கிறேன். ஆனால் நிழல் என்றால் பெரியம்மா பேசியதுதான் கேட்க வேண்டும். இது அவள் குரல் இல்லை. மூக்கு வழியாக வந்து, முடிவில் லேசாக மேலே ஏறுகிற ‘ம்’. எங்கள் அம்மாவுடையது. அந்த நேரத்தில் அவள் வாய்க்கட்டுக் கட்டி, நெற்றியில் காசு ஒட்டி, வாசலில் பெஞ்சுமேல் கிடந்திருக்கிறாள்.

ஹெட்போனைக் கழற்றிவிட்டு நானும் கடை வாசலைத் திரும்பிப் பார்த்தேன்.

அரியலூரில் இருக்கிற என் அக்காவுக்குப் போன் போட்டேன். அந்த ஒப்பாரியைப் பிடித்தனுப்பியது அவள்தான். நான் சொன்னதை முழுக்கக் கேட்டாள். பிறகு, “நாளைக்கு வரேன். அதுவரைக்கும் அத நோண்டாத” என்று வைத்துவிட்டாள்.

மறுநாள் காலை முதல் பஸ்ஸிலேயே வந்தாள். சிமெண்டு லாரி ஓடுகிற ரோட்டில் வந்தவள் என்பது முடியில் படிந்த தூசியைப் பார்த்தாலே தெரிந்தது. உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

“தம்பி, அது புது கேசட்டு இல்லடா. அம்மா உனக்குப் பேசி வெச்சிருந்த கேசட்டு.”

“என்னது?”

“நீ லெட்டரும் போடல, போனும் பண்ணல. அது சோறு தண்ணி இல்லாம கெடந்துச்சு. நாந்தான், பேசி அனுப்புவோம்மான்னு சொல்லி, நீ வுட்டுட்டுப் போன டேப்புல பேச வெச்சேன். சவுதிக்குத் திரும்பற ஆளு கெடைக்கட்டும்னு வெச்சிருந்தோம். நாலு நாள்ல அம்மா போயிடுச்சு. அழுகையப் புடிக்கணும், கேசட்டு இருக்கான்னு கேட்டாங்க. கைக்கு வந்தத எடுத்துக் குடுத்துட்டேன். பதினாறாம் நாளுதான் நெனப்பு வந்து தேடுறேன், அதுக்குள்ள ஒனக்குப் போயிடுச்சு.”

“அறிவு இருக்கா உனக்கு? அம்மா பேசினதுக்கு மேலயே அம்மா சாவப் புடிச்சிருக்க. இருவத்தஞ்சு வருஷமா வாயில கொழுக்கட்டையா வெச்சிருந்த?”

“நீ மட்டும் ரொம்ப யோக்கியமா? ஒரு நாளாச்சும் போட்டுக் கேட்டியா? கேட்டிருந்தா அன்னிக்கே தெரிஞ்சிருக்கும்ல? எல்லாம் அழிஞ்சிருக்கும், சொல்லி என்ன ஆவப்போவுதுன்னு நானே தெனம் செத்துக்கிட்டு இருந்தேன்.”

அவள் அழுதாள். எனக்கு உருளையைச் சீவிய கதைதான் ஞாபகம் வந்தது.

“அது சரி, ஏன் ‘ம்’, ‘ம்’னு மட்டும் கேக்குது?” என்றேன்.

அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தே விட்டாள். “அதுக்கு டேப்பப் பத்தி என்ன தெரியும்? எஸ்.டி.டி. பூத்துல ரெண்டு தடவ மாமாகிட்டப் பேசினதுதான். இதையும் போனுன்னே நெனச்சுக்கிச்சு. ஒரு வார்த்த கேக்கும், நீ பதில் சொல்றதுக்கு சும்மா இருக்கும், அப்புறம் ‘ம்’ங்கும். ‘அவன் இதுல பேச மாட்டாம்மா’ன்னு தலையால அடிச்சுக்கிட்டேன். ‘நீ கம்முனு இரு, அவன் பேசறது எனக்குக் கேக்குது’ன்னு சொல்லிடுச்சு.”

அழியாமல் மிஞ்சியதன் காரணமும் பிடிபட்டது. சவுதிக்குப் போகும் முன் அந்த டேப்ரிக்கார்டரைப் பிரித்து ரிப்பேர் பண்ணியவன் நான்தான். டேப்பைத் தொட்டுக் குரலைப் பதிகிற ஹெட்டை ஒரு மயிரிழை கோணலாக மாட்டியிருப்பேன். அதனால் அம்மா பேசியது டேப்பில் கொஞ்சம் இறங்கிப் பதிந்திருக்கிறது. ஒப்பாரியைப் பிடித்தது பக்கத்து வீட்டு டேப்ரிக்கார்டரில். ஓட்டிய உழவிலேயே ரெண்டாம் உழவு ஓட்டும்போது வரப்போரம் ஒரு கீற்று உழாமல் தப்புமே, அதுபோல அம்மாவின் பேச்சு ஓரமாகத் தப்பியிருக்கிறது. மற்றதெல்லாம் ஒப்பாரியில் அமுங்கிப்போக, நிறுத்தத்தில் விழுந்த ‘ம்’ மட்டும் என் காதுக்கு வந்திருக்கிறது. ஊரான் செய்த ரிப்பேரையெல்லாம் திட்டுகிறவன் நான். என் ரிப்பேர் ஒன்று உருப்படாமல் போனதால் எனக்கு அம்மா மிஞ்சினாள்.

ஹெட்டைத் தாங்குகிற ஸ்குரூவைத் திருப்பி அந்தக் கீற்றுக்கு நேராகக் கொண்டுவந்தேன். நேற்று ஓட்டியதிலேயே ஹெட்டில் பழுப்புத் தூள் படிந்திருந்தது. டேப் உதிர ஆரம்பித்துவிட்டது, இன்னும் ஒரு ஓட்டுத் தாங்கினால் பெரிது. கம்ப்யூட்டரில் ரிக்கார்டைப் போட்டேன். அக்காவுக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் விட்டேன்.

பெரியம்மாவின் ஒப்பாரி அடுத்த தெரு சாவுபோலத் தூரமாகப் போயிற்று. அதைத் தாண்டிக்கொண்டு, இரைச்சலுக்குள்ளிருந்து அம்மா வந்தாள்.

“சாமி, சாப்டியா?”

நிறுத்தம்.

“ம். அங்க வெயிலு சாஸ்தியாமே?”

நிறுத்தம்.

“ம்... தலையில துண்டு போட்டுக்க.”

பட்டறையிலிருந்த வெங்காயம் முளைவிட்டுவிட்டது என்றாள். அக்கா என் தோளைப் பிடித்துக்கொண்டாள். சில இடங்களில் பேச்சு அறுந்து இரைச்சல் மட்டும் ஓடியது. பிறகு தெளிவாக வந்தது.

“எம்மேல கோவம் போயிடுச்சா?”

இந்த நிறுத்தம்தான் எல்லாவற்றிலும் நீளம். இருபத்தைந்து வருஷமாக நான் கேட்க நினைத்ததை அவள் என்னிடம் கேட்டுக்கொண்டிருந்தாள். பின்னால் யாரோ மாரில் அடித்துக்கொள்கிற சத்தம் கேட்டது. போயிடுச்சும்மா என்று சொல்ல வேண்டும். நான் வாயைத் திறப்பதற்கு முன்னாலேயே அவள் “ம்” என்றாள்.

“ம். எனக்குத் தெரியும். எம் புள்ள மனசுல எதையும் வெச்சுக்க மாட்டான்.”

கொஞ்சம் வளையல் சத்தம்.

“சரி சாமி, வெச்சிடட்டா?”

“வெச்சிடாதம்மா!” என்று கத்தினேன். “இரும்மா, ஒரு நிமிஷம், வெச்சிடாத!”

இரைச்சல் ஓடியது. பெரியம்மா தூரத்தில் எதையோ கேட்டாள். அதற்கு ‘ம்’ வரவில்லை.

கடை வாசலில் மஞ்சப்பையோடு ஒருவர் எப்போது வந்து நின்றார் என்று தெரியாது. நான் கண்ணைத் துடைக்கிற வரைக்கும் பொறுத்திருந்துவிட்டு, “போன்ல யாருங்க?” என்று கேட்டார்.

“எங்கம்மாங்க” என்றேன்.